வாசலில் நிற்க ஒரு துப்பாக்கி

ஜனவரி 9, செவ்வாய்

சமையலறைக் குழாய் உறைந்துவிட்டது. வெந்நீரில் நனைத்த துணியைச் சுற்றிச் சுற்றி இளக்கினேன். குழாய் இளகிவிட்டது. என் மனசுதான் இன்னும் இளகவில்லை.

நேற்று முன்தினம் ஆராதனை முடிந்ததும் போதகர் என்னை ஓரமாகக் கூப்பிட்டார். பேச ஆரம்பிக்கும் முன்பே என் கையைப் பிடித்துக்கொண்டார். நல்ல சேதி இல்லை என்று அப்போதே தெரிந்துவிட்டது. சபைக்குப் பாதுகாப்புக் குழு அமைத்திருக்கிறார்களாம். தலைவன் ராய்ஸ் டில்மன். இனிமேல் வாசல் கதவில் நிற்பவர்கள், கைத்துப்பாக்கியை மறைத்து வைத்துக்கொள்ள அனுமதி வாங்கியவர்களாக இருக்க வேண்டுமாம்.

"இத்தனை வருஷம் நின்னது போதும்மா. இனி நிம்மதியா உக்காந்து ஆராதிங்க."

முப்பத்தோரு வருஷம். ஆராதனைத் தாளைக் கையில் கொடுத்து, அந்தக் கையைப் பிடித்து, பெயர் சொல்லி உள்ளே அனுப்பியிருக்கிறேன். என் வீட்டுக்காரர் லெஸ்டரை அடக்கம் பண்ணிய மறு ஞாயிறுகூட நின்றேன். உட்கார வேண்டுமாம்.

ராய்ஸ் என்னிடம் ஞாயிறு பள்ளியில் படித்தவன். கிறிஸ்துமஸ் நாடகத்தில் மேய்ப்பன் வேஷம் கட்டி, தேவதூதனைப் பார்த்த பயத்தில் மேடையிலேயே கால்சட்டையை நனைத்துக்கொண்டவன். அவன்தான் சபையின் அறுபத்திரண்டு பேரைக் காக்கப்போகிறான்.

ஜனவரி 14, ஞாயிறு

ஐந்தாவது பெஞ்சு. கதவுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தேன். பிரசங்கம் என்ன என்று கேட்டால் தெரியாது. எண்ணிக்கொண்டிருந்தேன். பதினோரு ஆண்கள் சட்டையை வெளியே விட்டிருக்கிறார்கள். இந்தச் சபையில் இதுவரை ஒருத்தன் அப்படி வந்ததில்லை. வந்தால் அவன் அம்மாவே காதைத் திருகி உள்ளே சொருகச் சொல்லுவாள். இடுப்பில் இருப்பது தெரியக்கூடாது என்பதற்காக இந்த ஏற்பாடு. மறைத்து வைத்திருப்பது யார் யார் என்று இப்போது சபைக்கே மனப்பாடம்.

திரும்பிப் பார்த்தேன். க்ளோவிஸ் அண்ணன் தன் மகள் மார்லாவின் கையைப் பிடித்து வந்தார். எண்பத்தெட்டு வயது. பார்வை பாதி போய்விட்டது, நினைவு முக்கால். உள்ளே வரும்போது என் கைப்பைக்குள் தானே கையை விட்டு ஒரு புதினா மிட்டாய் எடுத்துக்கொள்வார். கேட்கமாட்டார். முப்பது வருஷமாக அப்படித்தான். இன்றைக்கும் பழக்கத்தில் கையை நீட்டினார். அங்கே நின்றது ராய்ஸ். கை நேராக அவன் சட்டைக்கு அடியில் போனது. பாம்பை மிதித்தவன் மாதிரி துள்ளினான் ராய்ஸ்.

சிரித்தேன். ஜெபவேளை. பரவாயில்லை.

ஜனவரி 17, புதன்

சபையை நடத்தும் டீக்கன்மார் கூட்டத்துக்கு அழைக்காமலே போனேன்.

"ராய்ஸ், நம்ம சபைக்குள்ள முன்பின் தெரியாத ஆள் கடைசியா எப்ப வந்தான், சொல்லு."

"அது வந்து டீச்சர்..."

"பதினோரு வருஷம் முன்னாடி. கேஸ் சிலிண்டர் விக்க வந்தான். ஞானஸ்நானம் வாங்கிட்டுப் போனான்."

"காலம் கெட்டுக் கெடக்கு டீச்சர். டிவி பாக்கறீங்கல்ல?"

பார்க்கிறேன். எந்தெந்த ஊர்ச் சபையில் எவன் புகுந்து சுட்டான் என்று எனக்கும் தெரியும். படுக்கையில் கண்ணை மூடாமல் கிடந்திருக்கிறேன். அது வேறு. என் கதவைப் பிடுங்குவது வேறு.

விதி என்றால் எழுத்தில் கொடுங்கள் என்றேன். வாய்ச்சொல்லை நம்பி ஆலையில் முப்பத்தெட்டு வருஷம் ஏமாந்தவள் நான். காரியதரிசி பெருமூச்சு விட்டு எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்: "கதவில் நிற்பவர் செல்லுபடியாகும் அனுமதி அட்டை உடையவராக இருக்க வேண்டும்."

மடித்து வேதபுத்தகத்தில் வைத்திருக்கிறேன்.

ஜனவரி 18, வியாழன்

அட்டைதானே. வாங்கிவிடுகிறேன்.

ஜனவரி 25, வியாழன்

நூலகத்தில் மாநிலச் சட்டப் புத்தகத்தை வாங்கி உட்கார்ந்தேன். எட்டாம் வகுப்போடு பள்ளியை விட்டவள். அகராதியை மடியில் வைத்துக்கொண்டுதான் உலகத்தையே படித்தேன். இதையும் படித்தேன். முதலில் எட்டு மணி நேர வகுப்பு, சுடும் பரீட்சை. பிறகு மாவட்டப் போலீஸ் அதிகாரி ஷெரிப்பின் அலுவலகத்தில் விண்ணப்பம், கைரேகை. பிறகு காத்திருப்பு.

நாத்தனார் இனெஸ் போனில் கத்தினாள். "எழுபத்தாறு வயசுல துப்பாக்கியா அண்ணி? கண்ணாடி போடாம உப்பு எது சக்கரை எதுன்னு தெரியல உங்களுக்கு!"

"சுடறதுக்கு உப்பு வேணாம்" என்று வைத்துவிட்டேன்.

பிப்ரவரி 10, சனி

தீயணைப்பு நிலையக் கூடத்தில் வகுப்பு. பதினாறு பேர், இரண்டு பெட்டி டோநட். பாடம் நடத்தியவர் ஓய்வு பெற்ற போலீஸ்காரர். உதவிக்கு நின்றது யார்? ராய்ஸ்தான்.

எந்தெந்தச் சூழ்நிலையில் சுடலாம், கூடாது என்று மதியம் வரை சொன்னார். கூடாது என்பதுதான் பெரும்பாலும். பக்கத்திலிருந்த இளைஞனுக்கு ஏமாற்றம். "அப்ப எதுக்கு சார் வாங்கறது?" என்று கேட்டேவிட்டான்.

மதியத்துக்கு மேல் மைதானம். மூன்று, ஐந்து, ஏழு கஜத்தில் மொத்தம் முப்பது குண்டு. இருபத்தொன்று பட்டால் தேர்ச்சி. லெஸ்டரின் பழைய ரிவால்வரைக் கொண்டுபோயிருந்தேன். என் பீன்ஸ் பாத்தியைத் தோண்டும் பெருச்சாளிகளோடு ஐம்பது வருஷம் மல்லுக்கட்டியவள் நான். சுடும்போது அவை ஓடும். இந்தக் காகித மனுஷன் பாவம், நின்றுகொண்டே இருந்தான்.

முப்பதும் பட்டது.

ராய்ஸ் காகிதத்தைக் கழற்றி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தான்.

"உனக்கு எத்தனைடா பட்டுச்சு, அப்ப?"

"...இருபத்திரண்டு, டீச்சர்."

"மிச்ச எட்டு எங்க போச்சு? ஆராதனையில எந்தப் பெஞ்சுக்குப் போகும்?"

காது சிவந்துவிட்டது. மேய்ப்பன் வேஷத்திலும் இப்படித்தான் சிவந்தது.

பிப்ரவரி 13, செவ்வாய்

ஷெரிப் அலுவலகம். விண்ணப்பத்தில் ஒரு கேள்வி: மனநிலை சரியில்லாதவர் என்று என்னை எந்த நீதிமன்றமாவது தீர்ப்பளித்திருக்கிறதா? இல்லை என்று குறித்தேன். நாத்தனார் சொல்வதெல்லாம் கணக்கில் வராது.

பிறகு கைரேகை. கண்ணாடித் தட்டில் விரலை வைத்து உருட்டினார் துணை அதிகாரி. இயந்திரம் ஊளையிட்டது. மறுபடி. மறுபடி ஊளை. பத்து விரலும் அப்படியே.

"உங்களுக்கு ரேகையே இல்லையே பாட்டி!"

இருக்காது. முப்பத்தெட்டு வருஷம் காலுறை ஆலையில் காலுறையின் விரல் முனையைத் தைத்து மூட்டிக்கொண்டிருந்தேன், ஒரு நாளைக்கு இருநூறு டஜன். நூல் தேய்த்துத் தேய்த்து எல்லாம் போய்விட்டது. என் ரேகை இந்நேரம் யார் யார் காலிலோ நடந்துகொண்டிருக்கும்.

"பாட்டி இல்ல. திருமதி வெர்லீன் ஸ்ட்ரௌட்" என்றேன்.

ஒரு வாரம் பாத்திரம் கழுவக் கூடாதாம். தினமும் கிரீம் பூசிக் கையுறை மாட்டிக்கொண்டு படுக்க வேண்டுமாம்.

பிப்ரவரி 17, சனி

சபையின் பாதுகாப்புக்காக என் சிங்க்கில் ஐந்து நாள் பாத்திரம் கிடக்கிறது. இனெஸ் வந்து பார்த்துவிட்டு, தலையில் அடித்துக்கொண்டு, கழுவிக் கொடுத்துவிட்டுப் போனாள். திட்டிக்கொண்டேதான். நன்றி சொல்லலாம் என்று வாய் வரை வந்தது. சொல்லவில்லை.

பிப்ரவரி 20, செவ்வாய்

ஏழு விரல் தேறியது. மீதி மூன்றுக்கு என்ன செய்வது என்று மேலிடத்துக்கு எழுதிக் கேட்கிறார்களாம்.

மார்ச் 31, ஞாயிறு

உயிர்த்தெழுந்த ஞாயிறு. ஐந்தாவது பெஞ்சு. அட்டை வரவில்லை. கல்லறையே திறந்துவிட்டது, ஷெரிப் அலுவலகம் திறக்கமாட்டேன் என்கிறது.

மே 7, செவ்வாய்

வந்துவிட்டது! புகைப்படத்தில் நானே தேடப்படும் குற்றவாளி மாதிரி இருக்கிறேன். நேராகப் போதகர் வீட்டுக்குப் போய், எழுதிக் கொடுத்த விதியையும் அட்டையையும் மேசைமேல் பக்கத்தில் பக்கத்தில் வைத்தேன். அவர் இரண்டையும் பார்த்தார், என்னைப் பார்த்தார். "டீ குடிக்கிறீங்களாம்மா?" என்றார்.

குடித்தேன். இனிப்பு போதவில்லை.

மே 12, ஞாயிறு

அன்னையர் தினம். மறுபடியும் என் கதவு.

கதவின் மறுபுறம் ராய்ஸ். காலையில் எனக்கு விதிமுறை சொன்னான். வலது கை எப்போதும் காலியாக இருக்க வேண்டும். கை குலுக்கக் கூடாது. யாரும் கட்டிப்பிடிக்க வந்தால் இடுப்பைத் திருப்பிக்கொள்ள வேண்டும். முகத்தைப் பார்க்கக் கூடாது, கைகளைப் பார்க்க வேண்டும். கைப்பையைக் கீழே வைக்கவே கூடாது. லெஸ்டரின் ரிவால்வர் அதற்குள்ளே. மிட்டாய்ப் பொட்டலத்தை எடுக்க மனமில்லாமல் பக்கத்திலேயே விட்டிருந்தேன்.

ஆராதனைத் தாளை இடது கையால் கொடுத்தேன். எல்லோருடைய கையையும் பார்த்தேன். மார்லா புதிதாகத் தலைமுடி வெட்டியிருந்தாளாம். பிறகு இனெஸ் சொல்லித்தான் தெரியும்.

அப்புறம் க்ளோவிஸ் அண்ணன். நான்கு மாசத்துக்குப் பிறகு கதவில் என் குரல் கேட்டதும் முகம் மலர்ந்துபோனது. "வெர்லீன் பொண்ணு வந்துட்டா" என்று மார்லாவிடம் சொன்னார். நேராகக் கைப்பைக்குள் கையை விட்டார்.

நான் அவர் மணிக்கட்டைப் பிடித்தேன். பிடித்தேனா — முறுக்கினேன். கத்தினேன். "எடுங்க கையை!"

அவர் விரல் இரும்பில் பட்டிருக்கும். எதில் பட்டது என்று அவருக்குத் தெரியாது. என்னைத்தான் பார்த்தார். யாரோ ஒருத்தியைப் பார்க்கிற மாதிரி.

சபை திரும்பிப் பார்த்தது. ராய்ஸ் மெதுவாகச் சொன்னான், "சரியாத்தான் பண்ணீங்க டீச்சர்."

சரியாத்தான் பண்ணேன். ஒருவேளை வெடித்திருந்தால்? சரிதானே? அப்புறம் ஏன் சாப்பாடு இறங்கமாட்டேன் என்கிறது.

மே 19, ஞாயிறு

அவர் வரவில்லை.

மே 22, புதன்

கோழிக்கறி அடைத்த பலகாரம் செய்து எடுத்துக்கொண்டு போனேன். மார்லா வாசலிலேயே வாங்கிக்கொண்டாள்.

"சட்டை போட்டு விட்டேன் ஆன்ட்டி, கார் வரைக்கும் வந்தாரு. அப்புறம் மாட்டேன்னுட்டாரு. அந்தக் கதவுல ஒரு பொம்பளை நிக்கிறா, அடிப்பான்னு சொல்றாரு."

"யாருன்னு சொன்னாரா?"

"தெரியலயாம்."

உள்ளே அவர் இருமுவது கேட்டது. மன்னிப்புக் கேட்கப் போனவள் பலகாரத்தைக் கொடுத்துவிட்டு வந்துவிட்டேன். எனக்கு அந்த வார்த்தை பழக்கமில்லை.

மே 25, சனி

விதியை மறுபடி எடுத்துப் படித்தேன். நான்கு தடவை. "அனுமதி அட்டை உடையவராக இருக்க வேண்டும்." அவ்வளவுதான். துப்பாக்கி உடையவராக என்று ஓரிடத்திலும் இல்லை. சட்டப் புத்தகத்திலும் அப்படித்தான்: மறைத்து வைத்துக்கொள்ளலாம் என்கிறது, கட்டாயம் என்று சொல்லவில்லை. மறைத்து வைத்திருக்கிறேனா இல்லையா என்று சபையில் யாரும் என் பையைத் திறந்து பார்க்கவும் முடியாது. மறைவு என்றால் மறைவு.

ரிவால்வரைக் குண்டு நீக்கி, லெஸ்டரின் இரும்புப் பெட்டியில் பூட்டிவிட்டேன். கடையில் இரண்டு பொட்டலம் மிட்டாய் வாங்கினேன். பெரிய பொட்டலம்.

நான் தோற்கவில்லை. கதவு என்னிடம்தான் இருக்கிறது.

ஜூன் 2, ஞாயிறு

அவர் வந்தார். மார்லா எப்படியோ கெஞ்சிக் கூட்டி வந்திருந்தாள். படியில் ஏறியதும் நின்றுவிட்டார். கைகள் இரண்டையும் கோட்டுப் பைக்குள் விட்டுக்கொண்டார்.

நான் படியில் இறங்கினேன். கதவை விட்டு நகரக் கூடாது என்பது விதி. கைப்பையை முழுசாகத் திறந்து அவர் முன்னால் பிடித்தேன். "க்ளோவிஸ் அண்ணே, பாருங்க. மிட்டாய்தான் இருக்கு. வேற ஒண்ணுமில்ல."

நின்றார். உள்ளே முதல் பாட்டு முடிந்து இரண்டாவது ஆரம்பித்துவிட்டது. அப்புறம் ஒரு கை வெளியே வந்தது. துழாவினார். ஒன்று எடுத்தார். மறுபடி கையை விட்டு இன்னொன்று எடுத்தார். முப்பது வருஷத்தில் இரண்டு எடுத்ததே இல்லை. வட்டி போலிருக்கிறது.

"அண்ணே, அன்னைக்கு நான் பண்ணது தப்பு" என்றேன். உறையைப் பிரிக்கிற சத்தத்தில் அவருக்குக் கேட்டதோ என்னவோ. சொல்லியாயிற்று.

ராய்ஸ் மேலே கதவருகே நின்று எல்லாவற்றையும் பார்த்தான்.

ஜூன் 9, ஞாயிறு

எல்லோரும் உள்ளே போன பிறகு ராய்ஸ் என் பக்கம் வந்தான். தலைவன் என்ற முறையில் ஏதோ கேட்கப்போகிறான் என்று நானும் பதிலைத் தீட்டி வைத்திருந்தேன். அவன் கேட்கவில்லை. க்ளோவிஸ் அண்ணன் மாதிரியே பைக்குள் கையை விட்டான். அடிவரை விட்டுத் துழாவினான். ஒரு மிட்டாயோடு கை வெளியே வந்தது.

"கனம் கம்மியா இருக்கு டீச்சர்."

"எனக்கு எழுபத்தாறு வயசாச்சு. எவ்வளவு தூக்கறது?"

வாயில் போட்டுக்கொண்டான். உள்ளே பாடிக்கொண்டிருந்தார்கள்.

"இது எத்தனாவது பாட்டு?"

"மூணாவது. உனக்குத் தெரியாதா?"

"ஜனவரியிலருந்து ஒரு பாட்டும் காதுல விழல டீச்சர். யார் வர்றான்னு இந்தக் கதவையே பாத்துட்டிருக்கேன். வீட்லயும் அப்படித்தான். பொண்ணு கதவைத் திறந்தாக்கூட தூக்கிவாரிப் போடுது."

ஒரு நல்ல பதில் இருந்தது என்னிடம், எட்டுக் குண்டு பற்றி. விழுங்கிக்கொண்டேன். அவன் கையில் ஆராதனைத் தாளைக் கொடுத்து, அந்தக் கையைப் பிடித்து, "உள்ள போ, ராய்ஸ்" என்றேன். "கதவை நான் பாத்துக்கறேன்."

போகவில்லை. ஆனால் மூன்றாவது பாட்டின் கடைசி அடியைப் பாடினான். சுதி இல்லை. எப்போதும் இருந்ததில்லை.

ஜூன் 16, ஞாயிறு

தந்தையர் தினம். வெயில். மிட்டாய் தீர்ந்துவிட்டது, வாங்க வேண்டும். சட்டை வெளியே: பதினோரு பேரில் இன்றைக்குப் பத்து பேர். ராய்ஸின் சட்டை உள்ளே.