கழுதைக்குப் பதில் பனிமூட்டம்

சோபியா, நவம்பர் 1973

அன்புள்ள காமென்,

நாங்கள் இருவரும் சுகம். அம்மாவுக்குக் குளிர் வருவதற்கு முன்பே முழங்கால் வலி வந்துவிட்டது. ஆனாலும் குடைமிளகாய் சுட்டு, தோலுரித்து, பாட்டில்களில் அடைத்து முடித்துவிட்டாள். ஹவானா வெயிலில் நீ தொப்பியில்லாமல் அலைவதாகக் கனவு கண்டாளாம், போட்டுக்கொள். இதைத் தபாலில் போடாமல் உன் ஆலைக்கு வரும் பொறியாளர் கையில் கொடுத்தனுப்பக் காரணம் உன் அத்தை ருமேனா. பத்திரிகைக்காரனாக எத்தனையோ கூட்டங்களில் உட்கார்ந்திருக்கிறேன். செவ்வாய்க்கிழமை அவள் படத்தின் ஒப்புதல் காட்சியில் பார்த்ததுபோல் ஒன்றை எங்கும் பார்த்ததில்லை.

அத்தையின் முதல் படம் திரைக்கே வராமல் பெட்டிக்குள் போனதும், அவளைத் தொலைக்காட்சிக்கு மாற்றி மாட்டுப் பண்ணை நிகழ்ச்சிகள் எடுக்கவைத்ததும் உனக்குத் தெரியும். பல வருடம் கழித்து இப்போதுதான் ஒரு முழுப் படம் கொடுத்தார்கள், அணை கட்டியதைப் பற்றி. அதன் முடிவில், ஊரை இழந்த புகையிலைத் தோட்டத்துப் பெண்கள் கரையில் உட்கார்ந்து, தங்கள் வீடுகள் மூழ்கிய தண்ணீரைப் பேசாமல் பார்க்கிறார்கள். அவ்வளவுதான். ஆனால் அதற்காகத்தான் அவள் அந்தப் படத்தையே எடுத்தாள். அதை வெட்டிவிட்டால் மிஞ்சுவது சிமெண்டு.

ஒப்புதல் குழு எதையாவது வெட்டாமல் எழுந்திருக்காது. அதனால் வெட்டுவதற்கென்றே ஒரு தவறை வைத்துக் கொடுப்பது இயக்குநர்கள் வழக்கம். அத்தை வைத்தது ஒரு கழுதை. மேடையில் அதிகாரி பேசப் பேசப் பின்னால் நின்று கத்துகிறது. குழுத் தலைவர் பெஞ்சேவ் விழுந்து விழுந்து சிரித்தார். “கழுதை இருக்கட்டும் தோழர்களே, நான் பேசினாலும் எங்க ஊர்ல இப்படித்தான் கத்தும்” என்றார். அத்தை முகம் வெளுத்துவிட்டது. அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “சரி, கடைசியில அந்தப் பொம்பளைங்க எதுக்கு ஊமையா உட்கார்ந்திருக்காங்க? யாரு செத்துட்டாங்க?” என்றார்.

அத்தை வாதாடவில்லை. “வேணும்னா எடுத்துடுங்க தோழர். ஆனா அந்த ஆத்துப் பனிமூட்டத்தை மட்டும் தொடாதீங்க, கெஞ்சிக் கேட்கிறேன்” என்றவள், எல்லோர் முன்னாலும் குரல் உடைந்து அழுதாள். பெஞ்சேவ் நிமிர்ந்து உட்கார்ந்து, “அதுல அப்படி என்ன இருக்கு?” என்று அந்தச் சுருளை மறுபடி ஓட்டச் சொன்னார். பனி, நாரைகள், தண்ணீர். “இதுல அணையே தெரியலையே! நாம கட்டினதை மறைக்கிறதுக்கா படம்? வெட்டுங்க” என்றார். திருப்தியாகக் கையெழுத்துப் போட்டு எழுந்தார்கள். அந்தப் பெண்களை யாருக்கும் நினைவில்லை.

டிராமுக்கு நிற்கும்போது, “நல்லா நடிச்சேடி, கழுதைக்காரி” என்று சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை. “நடிக்கலை அண்ணா. அது ஸ்தோயான் எடுத்தது” என்றாள். உன் மாமா கேமராவைத் தோளில் வைத்து எடுத்த கடைசிக் காட்சி. அடுத்த வாரம்தான் அவரை ஆஸ்பத்திரியில் சேர்த்தோம், வீடு திரும்பவில்லை. “பெஞ்சேவ் இத்தனை வருஷமா எங்க அழுகையைத்தானே பார்த்துட்டிருக்கார், பொய்யா அழுதா கண்டுபிடிச்சிருவார்” என்றாள். நான் என்னை அறியாமல் தொப்பியைக் கழற்றிவிட்டேன். டிராம் வந்து, எங்களை ஏற்றாமலே போனது.

படம் சனிக்கிழமை செய்திக்குப் பிறகு வருகிறது. நீ உடலும் மனமும் நலமாக இருந்து, போன வேலையை முடித்துத் திரும்ப எங்கள் ஆசி. அத்தைக்கு எழுது. தபாலைப் பிரித்துப் படிப்பார்கள் என்பதால் மட்டும் சொல்லவில்லை, பனிமூட்டத்தைப் பற்றி ஒரு சொல்லும் வேண்டாம். கழுதையை விசாரி.

உன் அப்பா