பைன் மரத்துக்கு நான்கு பேர்

அன்புள்ள அம்மாவுக்கு,

கியோட்டோவில் குளிர் இறங்கிவிட்டது. அங்கே அகிதாவில் பனியே விழத் தொடங்கியிருக்கும். உன் முழங்கால் எப்படி இருக்கிறது?

நேற்று தோட்டத்தில் வேலை செய்யும்போது ஏணியிலிருந்து வழுக்கிப் பாசித் தரையில் விழுந்தேன். எனக்கு ஒன்றுமில்லை. மேஸ்திரி குராமோச்சி ஓடிவந்து முதலில் பாசியைத்தான் தடவிப் பார்த்தார். "அடப்பாவி, இது இப்படிப் படர நாப்பது வருஷம் ஆச்சுடா! நீ ரெண்டு நாள்ல சரியாயிடுவ" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

அப்போது நான் முந்நூறு வயதுப் பைன் மரத்தின் பழுத்த ஊசியிலைகளைக் கையால் பிடுங்கிக்கொண்டிருந்தேன். அதன் சாய்ந்த கிளைக்கு முட்டு, அடிமரத்துக்கு வைக்கோல் போர்வை, நாள் முழுக்க நாங்கள் நான்கு பேர். உன்னை நினைத்தால் அந்த மரத்தின் மேல் பொறாமையாக இருக்கிறது.

பக்கத்து வீட்டுக் கினுயே வந்து உனக்கு நரைமுடி பிடுங்குகிறாள் என்று எழுதியிருந்தாய். அந்த வரியை நான்கு முறை படித்தேன். நல்ல பெண்தான். வாசல் பனியைத் தள்ளட்டும், நகம் வெட்டட்டும்.

பழைய கம்பளிக் காலுறை இருந்தால் அனுப்பு.

கூப்பிடுகிறார்கள், மரத்தின் மறுபக்கம் பாக்கி. நரையை மட்டும் புத்தாண்டுக்கு நான் வரும்வரை விட்டுவை அம்மா. என் கை இப்போது நன்றாகப் பழகியிருக்கிறது.

ரியோஹெய்