இரண்டாவது முடிச்சு

துபாய், ஆவணி 2009

அன்புள்ள ரூபினி,

நான் நல்ல சுகம். நீயும் மகள் நிரோஜினியும் சுகம்தானே? சண்டை முடிந்த பிறகாவது ஆமிக்காரர் சோதனைக்கென்று கல்முனைப் பஸ்ஸை மறித்து ஆட்களை இறக்குவது குறைந்திருக்கிறதா?

போன கிழமை நான் வேலை செய்யும் பூங்காவில் எங்கள் ரோலர் கோஸ்டர் முதல் ஏற்றத்தின் பாதியில் நின்றுவிட்டது. இழுக்கும் சங்கிலி ஓடவில்லை, அவ்வளவுதான். பக்கத்துப் படியால் ஏறிப் போனேன். வண்டியிலே நம் நிந்தவூர் உம்மா ஒருவர்! "பின்னுக்கு உருண்டிருமா மனே?" என்று கேட்டார். "இல்லம்மா, அடியில பல்லு புடிச்சிருக்கு, பயப்புடாதீங்க" என்று சொல்லி எல்லாரையும் நடத்தி இறக்கினேன்.

இந்த வண்டிக்கு எஞ்சின் இல்லை. சங்கிலி உச்சியில் கொண்டுபோய் விட்டால், ஏறிய உயரம்தான் பிறகு வேகமாகிறது. மேட்டைத் தாண்டும்போது, அலையிலிருந்து தோணி விழும்போது போல உடம்பு மேலே எழும்பும். மடிக்கு மேல் பூட்டிய கம்பிதான் ஆளைப் பிடித்து வைக்கும். அதை ஒருமுறை இழுத்துப் பார்த்தால் போதும் என்கிறார் மேற்பார்வையாளர். நான் இரண்டு முறை இழுப்பேன். சுனாமியன்று நீ மகளைத் தென்னையோடு சேலையால் கட்டினாயே, முதல் முடிச்சு அவிழ்ந்தும் இரண்டாவதில்தானே அவள் தப்பினாள்.

இங்கே வாசலில் பிள்ளைகளின் உயரம் பார்க்கும் பலகை இருக்கிறது. மகளின் உயரத்துக்கு வலைநூல் ஒன்று வெட்டிக் கடிதத்தோடு வைத்து அனுப்பு. மணி அடிக்கிறது, ஓட வேண்டும். நூலை மறக்காதே. இங்கே வரும் பிள்ளைகளில் யார் அவள் அளவு என்றே எனக்குத் தெரியவில்லை.

குணம்