துண்டுக்குள் போன விலை

காலையில் அவினாசி ரோட்டு சிக்னலில் என் காருக்கு முன்னால் நின்ற வண்டியில் ஒரு கறவை மாடு. சாணமும் வைக்கோலும் கலந்த வாசம் உள்ளே வந்ததும் மனசு உன்னைத் தேடிவிட்டது. நீ இறந்த பிறகு இந்த ஊரில் உன்னிடம் பேச வேறு வழி தெரியவில்லை, எழுதுகிறேன்.

தொண்ணூறுகளில் நாம் எம்.ஏ. பொருளாதாரம் படித்தபோது ஒரு பாடம் உன் தூக்கத்தைக் கெடுத்தது. நூறு வருடத்துக்கும் முன்னால் சுவிட்சர்லாந்தில் பாடம் நடத்திய ஒரு பிரெஞ்சுக்காரர், எல்லாச் சந்தைகளும் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு நிற்பதாகச் சமன்பாடு எழுதினார். பஞ்சு ஏறினால் நூல் ஏறும், கருமத்தம்பட்டியில் உங்கள் தறி நிற்கும், தறி நின்றால் டீக்கடையில் பால் மிஞ்சும். எல்லாம் ஒரே சமயத்தில் எப்படிச் சரியாகும்? ஓர் ஏலக்காரர் விலை கூவுவதாக நினைத்துக்கொள்ளுங்கள் என்றது புத்தகம். எல்லாருக்கும் ஒத்துவரும் விலை கிடைக்கும்வரை அங்கே யாரும் எதையும் விற்கமாட்டார்கள்.

"ஏ புள்ள, அந்த ஏலக்காரன் நம்மூர்ல எங்கிருக்கான்?" என்று என்னை நச்சரித்தாய்.

மாட்டை விற்றால்தான் நீ எம்.பில். சேரலாம் என்ற நிலை. உங்கள் அப்பா சந்தைக்குக் கிளம்பிய அன்று என்னையும் இழுத்துக்கொண்டு நீயும் போனாய். அங்கே கூவலே இல்லை. துண்டுக்கு அடியில் அப்பா கையும் தரகர் கையும் விரல் பிடித்து விலை பேசின. உனக்கு அதைத் தொட்டுப் பார்த்தே ஆகவேண்டும். அப்பா சிரித்துக்கொண்டே கையை எடுக்க, நீ உன் கையை நுழைத்தாய். தரகர் ஒரு விலைக்கு உன் விரலை அழுத்தினார். நீ ஆர்வத்தில் அவர் கையை இறுக்கிப் பிடித்தாய். அப்படிப் பிடித்தால் சம்மதம் என்று பொருளாம்.

தரகரே பதறினார். "அம்மணி தெரியாமப் புடிச்சுபோட்டாங்க. உட்டறலாமுங்க."

"கை குடுத்தா குடுத்ததுதானுங்க," என்றார் அப்பா. பிறகு உன் பக்கம் திரும்பி, "போச்சாது, வுடு கண்ணு" என்றார்.

மாடு அடிமாட்டு விலைக்குப் போனது. பஸ்ஸில் நீ அழவில்லை, யோசித்தாய். "புஸ்தகத்துல சரியான வெலை வர்ற வரைக்கும் யாரும் விக்கமாட்டாங்க. நாம வித்துப்போட்டமே, அந்தக் கணக்குல நான் எங்கிருக்கேன்?" 

அந்தப் பணம் எம்.பில். கட்டணத்துக்குப் போதவில்லை, அந்த ஆண்டு நான் மட்டும் சேர்ந்தேன். அடுத்த வருடம் பார்க்கலாம் என்றாய். அடுத்த வருடம் தறி, அப்புறம் கல்யாணம். 

எல்லாருக்கும் ஒத்துவரும் அந்த விலை இருக்கமுடியும் என்று பின்னால் வந்த கணித மேதைகள் நிரூபித்ததையும், அந்தக் கணக்கை வைத்து வரி மாறினால் என்ன ஆகும் என்று அரசுகள் கணித்துப் பார்ப்பதையும் உனக்குப் போனில் சொல்வேன். "இருக்குதுன்னாங்க, செரி. அங்க போற வழில யாரு வுழுந்தாங்கன்னு சொன்னாங்களா?" என்பாய். வழியைப் பற்றி அவர்களுக்கே இன்னும் தகராறுதான் என்றால் உனக்கு அப்படி ஒரு சிரிப்பு.

இப்போது அப்படிக் கணிக்கும் குழுக்களில் நானும் உட்காருகிறேன். நூல் வரி மாறினால் சந்தை தானாகச் சமநிலைக்கு வந்துவிடும் என்று திரையில் ஒரு கோட்டைக் காட்டுவார்கள். நான் கையைத் தூக்கி, நடுவில் விற்றவர்கள் என்ன ஆனார்கள் என்று கேட்பேன். இது யாருடைய கேள்வி என்று போன வாரம் ஒருவர் விசாரித்தார். கருமத்தம்பட்டியில் இருந்த ஒரு பொருளாதார அறிஞருடையது என்றேன். அவர் எழுதிக்கொண்டார்.