நைனா திருப்பின நிமிஷங்கள்

பாப்பா,

நைனா கல்லறைக்கு நேத்து யாரோ மாலை போட்டுட்டுப் போயிருக்காங்க. உங்க நைனா காலத்தைத் திருப்பத் தெரிஞ்ச பண்டிதராம்.

கம்பெனி மிஷின்ல யாரு கை மாட்டினாலும், அந்த நிமிஷத்தையே திருப்பிக் கையைக் காப்பாத்திடுவாரு. ஒவ்வொரு தடவையும் அவருக்கு ஒரு வயசு கூடிப்போகும். "ஒரு வயசுதானே போச்சு"ன்னு சிரிப்பாரு. நாப்பதுல கிழவனா செத்தாரு. எளாவூர்ல ரெண்டு கையையும் வீசிக்கினு போறவங்களைப் பாத்தா எனக்கு வயிறு எரியுது.

சின்னதுல அவரு மடியில உக்காந்துகினு கத்துக்கினதெல்லாம் உனக்கு மறந்திருக்கும்னு நெனச்சேன்.

கம்பெனி யூனிபார்ம்ல நீ அனுப்பின போட்டோவைப் பாத்தேன். இருபத்திரெண்டு வயசுல காதோரம் இவ்ளோ நரையா?

வேணாம்னா கேக்கவா போற? அவரு கேட்டாரா?

தலைக்குப் போடுற டை ரெண்டு பாக்கெட் அனுப்பறேன். தீந்துட்டா சொல்லு.

அம்மா