எந்த ஓலையென்று தெரியவில்லை

இன்று உன் ஓலைக்கட்டை அவிழ்த்தேன். பூச்சி அரிக்காமல் நீ தடவிவந்த எலுமிச்சைப்புல் தைல வாசனை எழுந்ததும், சாயத் தொட்டியருகே நீ ஈரக்கையோடு நிற்பதாக எண்ணித் திரும்பிவிட்டேன்.

ஒல்லாந்தர் கோட்டைக்குப் போகும் துணிகள் மணலில் காயும் மதியங்களில், கன்னடப் பாட்டுகளை எனக்குப் படிப்பாய். முத்தம், நகக்குறி, ஊடல் எதற்கும் குரலைத் தாழ்த்தமாட்டாய். கணவன் நான்தான் நெளிவேன். "வெக்கம் இன்னாத்துக்கு? எங்கூர்ல கல்யாணப் பொண்ணுக்கு அம்மாவே படிச்சிக் காட்டுவா. சாமி பாட்டோட ஒரே கட்டுலதான் இருக்கும்" என்பாய்.

என் முன்னோரும் கன்னடம் பேசி வந்தவர்கள்தாம். பள்ளியிலிருந்து பாதியில் ஓடிவந்த எனக்குத் தமிழெழுத்தே அரைகுறை. கன்னட எழுத்து சுத்தமாகத் தெரியாது. அதற்காக வாயை மூடுகிற ஆளா நான்? என் நீலச் சாயத்தைப் பார்த்துக் கடலே நிறம் மாறியதென்று ஒல்லாந்துக் கப்பல்தலைவனையே நம்பவைத்தவன். கன்னட அரசர் இந்தக் கட்டை யானைமேல் ஏற்றி எனக்கு அனுப்பினார் என்று வலை பின்னும் மீனவர்களிடம் சொன்னேன். படித்ததாகச் சொல்லி நானே பச்சையாக இட்டுக்கட்டினேன். "மாமா, இன்னொண்ணு!" என்று கரையே சிரித்தது.

கேள்விப்பட்டு நீயும் சிரித்தாய். "உங்க பாட்டுல பொம்பளைக்கு வாயே இல்லியே! எங்க பாட்டுல அவதான் பேசுவா."

காய்ச்சல் உன்னைக் கொண்டுபோன பதினாறாம் நாள் உன் தம்பி வந்தான். "உங்க பாட்டெல்லாம் அக்கா கட்டுல கீறதுதான்னு ஊரே பேசுது, அவ பேரு நாறுது மாமா. கட்டைக் குடுங்க, முகத்துவாரத்துல விட்டுடறேன்."

"கெட்டது இல்லடா."

"அப்போ படிச்சிக் காட்டுங்க." சிறுவயதிலேயே தறியில் உட்கார்ந்தவன், அவனுக்கும் எழுத்து தெரியாது. எதையும் அளந்திருக்கலாம்.

"எனக்குப் படிக்கவே தெரியாதுடா" என்றேன். பிறகு, கேட்டுக் கேட்டு மனத்தில் தங்கிய உன் ஒரே பாட்டைச் சொன்னேன்:

"வாசலிலேயே பேச்சைக் கழற்றி வை,
செருப்போடு அதுவும் கிடக்கட்டும்.
வெறும் ஆளாக உள்ளே வா."

கட்டைத் தூக்கிக்கொண்டு முகத்துவாரப் பக்கம் திரும்பியவன் நின்றுவிட்டான். "அக்கா பேசற மாதிரியே கீது" என்று கட்டை என் மடியில் வைத்துவிட்டுப் போனான்.

படிக்க நீ இல்லையே! கன்னடம் போன்ற எழுத்துதானே என்று, தெலுங்கு படித்த கோட்டைக் கணக்கரிடம் கொண்டுபோனேன். அவர் எழுத்துக்கூட்டிப் படித்தார். உன் குரல் இல்லாமல் அதைக் கேட்கத் தாங்கவில்லை, பிடுங்கிக்கொண்டு ஓடிவந்தேன்.

உப்புக்காற்றும் பூச்சியும் ஓரத்திலிருந்து தின்கின்றன. உன் தம்பியிடம் சொன்ன அந்தப் பாட்டு எந்த ஓலையில் இருக்கிறதென்று எனக்குத் தெரியாது. எல்லா ஓலைக்கும் தைலம் தடவுகிறேன்.