மணி நின்ற நேரம்

ஸ்கார்பெக்,
நவம்பர் 4, 1998

அன்பு மகள் ஆட்ரிக்கு அம்மா எழுதுவது.

நான் நலம். முட்டிதான் படியேற விடுவதில்லை. கிடாய்களை மந்தையில் விட்டாயிற்று. நியூசிலாந்தில் இப்போது வெயில் தொடங்கியிருக்கும். பேரப்பிள்ளைகள் படம் வந்து சேர்ந்தது. தபால்காரன் போன வருஷம் உன் அட்டையை நனைத்துக் கொடுத்ததை நான் மறக்கவில்லை. இந்தத் தடவை வாசலிலேயே நின்று வாங்கிக்கொண்டேன்.

பக்கத்து வீட்டு எடித் படுத்துவிட்டாள். கிறிஸ்துமஸ் வரை தாங்காதாம். அவள் வாசலை நான் முப்பத்தேழு வருஷமாக மிதிக்கவில்லை. செவ்வாய்க்கிழமை மிதித்தேன்.

அன்று மத்தியானமே மூடுபனி இறங்கிவிட்டது. தேவாலய மணி கேட்டது. அதைக் கழற்றிப் பன்னிரண்டு வருஷமாகிறது, தேவாலயத்தையும் விற்றுவிட்டார்கள். ஆனாலும் பனி இறங்கினால் எனக்குக் கேட்கும். கேட்பதுகூடப் பரவாயில்லை. நடுவில் சட்டென்று நின்றுவிடும். அதைத்தான் தாங்க முடியாது. எழுந்து எடித் வீட்டுக்குப் போய்விட்டேன். கண்ணைத் திறக்காமலே, "வா மில்ட்ரெட். உனக்கும் நின்னுடுச்சா?" என்றாள்.

உன் அப்பா மலைமேல் ஆடு திரட்டப் போன அன்று எடித்தான் மணி அடித்தாள். பனி இறங்கினால், மலைக்குப் போனவர்கள் சத்தத்தை வைத்து வழி கண்டு திரும்பும்வரை அடிக்க வேண்டும் அல்லவா? கை குளிர்கிறதென்று அவள் டீ குடிக்கப் போனாள், அதனால்தான் அவர் வழி தவறிக் கல்குழியில் விழுந்தார் என்று ஊர் முழுக்கச் சொன்னேன். அவள் ஜன்னலில் நீ கல்லெறிந்தபோதும் பார்த்துக்கொண்டுதான் நின்றேன்.

நடந்தது வேறு. நாய் ஜெஸ் முற்றத்துக்குள் வந்தது. அது அவரை விட்டுத் தனியாக வந்ததே கிடையாது. அவரும் மலையடிவாரக் கதவருகே வந்துவிட்டார் என்று நினைத்தேன். மணி அடிப்பவள் கை வீணாக நோகக்கூடாதே என்று, போதும் எனச் சொல்லிவர உன்னை அனுப்பினேன். உனக்கு அப்போது ஆறு வயது. மறுநாள் காலையில்தான் அவரைக் கண்டெடுத்தார்கள்.

ஏன் இத்தனை வருஷம் வாயைத் திறக்கவில்லை என்று எடித்தைக் கேட்டேன். "சொன்னா பழி புள்ள தலையில விழுந்திருக்கும். உன் வாய் எனக்குத் தெரியாதாடி?" என்றாள். அப்படி அவள் நல்லவளாக இருந்ததை நான் இன்னும் மன்னிக்கவில்லை. ஆனாலும் அவளுக்குக் கஞ்சி காய்ச்சிக் கொடுத்துவிட்டு வந்தேன். நாளையும் போவேன்.

நீ பதினெட்டு வயதில் கப்பலேறினாய். திரும்பி வரவில்லை. ஏன் என்று நான் கேட்டதில்லை. நீயும் சொன்னதில்லை.

ஆட்ரி, அனுப்பியது நான். நான் சொன்னதைப் போய்ச் சொல்லிவிட்டு வந்தாய், அவ்வளவுதான். இதைக் கையால் எழுதித் தருகிறேன், யாரிடம் வேண்டுமானாலும் காட்டு. எனக்குப் பதில் போடாவிட்டால் போகிறது. எடித்துக்கு இரண்டு வரி எழுது. சீக்கிரம் எழுது, கண்ணு. கடவுள் உன் மனசை லேசாக்கட்டும்.

இப்படிக்கு,
உன் அம்மா
மில்ட்ரெட்